விண்வெளிக்கு மேடை அமைத்தவர்

இராக்கெட்டு வானில் எழும் காட்சியைத் திரையிலேனும் காணாத மாணவர் இக்காலத்தில் இலர். முதலில் புகை எழுகின்றது; பின்பு தீ தோன்றுகின்றது; அதன்பின் நெடிய உருவம் ஒன்று மெல்ல மேலெழுந்து மேகத்தினுள் மறைகின்றது. நம் கண்களும் அதனோடு மேலே சென்றுவிடுகின்றன. அது நின்றிருந்த மேடையை நாம் திரும்பிப் பார்ப்பதில்லை. கரி படிந்த அம்மேடை அடுத்த இராக்கெட்டின் வரவை நோக்கித் தனித்து நிற்கின்றது.

அவ்வாறு நின்ற மேடைகளுள் தலைசிறந்தது, மத்திய ஆசியாவில் கசகஸ்தான் நாட்டில் உள்ள பைக்கனூர் ஏவுதளத்தின் முதல் மேடையாகும். மனிதன் செய்த முதல் துணைக்கோளும், விண்வெளி சென்ற முதல் மனிதரும் புறப்பட்ட இடம் அது. அம்மேடையைப் போலவே, அதனை உருவாக்கிய குழுவின் தலைவரும் உலகத்தார் கண்ணிற் படாமலே வாழ்ந்தார். உயிரோடிருந்த நாள்வரை அவர் பெயர் வெளியிடப்பெறவில்லை. செய்தித்தாள்கள் அவரைத் தலைமை வடிவமைப்பாளர் என்னும் பதவிப் பெயரால் மட்டுமே குறித்தன. அவரே செர்கேய் கொரோலியோவ் என்னும் பொறியாளர்.

கொரோலியோவ் 1907-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 12-ஆம் நாள், உக்ரைன் நாட்டுச் சித்தோமிர் நகரிற் பிறந்தார். தந்தையார் பள்ளி ஆசிரியர். குழந்தைப் பருவத்திலேயே பெற்றோர் பிரிந்தனர்; ஆதலால் அவர் பாட்டன் பாட்டியர் இல்லத்தில் வளர்ந்தார். உடன் விளையாடுதற்குத் தோழர் மிகுதியாக இலர். அந்நாளில் அவர் வளர்ந்த ஊருக்கு வானூர்தி ஒன்று வந்ததென்றும், பாட்டனார் தோளில் அமர்ந்து அது பறத்தலைச் சிறுவர் கண்டாரென்றும் கூறுவர்.

பின்னர் அன்னையார் பொறியாளர் ஒருவரை மறுமணம் செய்துகொண்டார். குடும்பம் கருங்கடற்கரையில் உள்ள ஒதேசா நகருக்குச் சென்றது. அத்துறைமுகத்தில், நீரிலிருந்து எழும் வானூர்திகளைக் கொண்ட படைப்பிரிவு ஒன்று தங்கியிருந்தது. கொரோலியோவ் அங்கே அடிக்கடி சென்று, பொறிவினைஞர்க்கு உதவி செய்து, அவர்கள் தொழிலைத் தாமும் கற்றுக்கொண்டார். அவர் பயின்றது கட்டடத் தொழிற்பள்ளி. அங்கே தேர்ச்சி பெற்ற கைத்தொழில் கூரைக்கு ஓடு வேய்தல். விண்ணுக்கு வழி வகுத்தவர் முதலிற் கற்ற தொழில் இதுவென்பது நினைக்க நினைக்கச் சுவை பயப்பதாகும். 17-ஆம் வயதில் அவர், பொறியின் துணையின்றிக் காற்றில் மிதந்து செல்லும் வானூர்தி ஒன்றிற்கு வரைபடம் தீட்டினார்.

கீவ் நகரிலும் பின்பு மாஸ்கோவிலும் அவர் பொறியியல் பயின்றார். மாஸ்கோவில் அவர்க்கு வழிகாட்டியவர் வானூர்தி அறிஞராகிய துப்பொலியேவ். 1931-இல், சாண்டர் என்னும் அறிஞரும் கொரோலியோவும் வேறு சில இளைஞரும் கூடி இராக்கெட்டு ஆராய்ச்சிக் குழு ஒன்றை நிறுவினர். ஒரு கட்டடத்தின் நிலவறையே அவர்கள் ஆய்வுக்கூடம். பகலெல்லாம் வேறிடத்தில் உழைத்து, மாலையில் ஊதியமின்றி இப்பணியைச் செய்தவர் பலர். 1933-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 17-ஆம் நாள், மாஸ்கோவை அடுத்த நகாபினோ என்னும் இடத்தில், அவர்களுடைய முதல் இராக்கெட்டு எழுந்தது. அது 18 விநாடிகள் பறந்து, ஏறத்தாழ 400 மீட்டர் உயரத்தை எட்டி வீழ்ந்தது. அதனைக் காணச் சாண்டர் இல்லை. அவர் அவ்வாண்டு மார்ச்சுத் திங்களிலேயே நோயுற்று மறைந்துவிட்டார்.

இங்ஙனம் தொடங்கிய வாழ்வின்மீது பேரிடி ஒன்று விழுந்தது. ஸ்டாலின் ஆட்சி புரிந்த அக்காலத்தில், குற்றமற்ற அறிஞர் பலர் நாட்டின் பகைவரெனப் பழி சுமத்தப்பெற்றனர். 1938-ஆம் ஆண்டு சூன் திங்கள் 27-ஆம் நாள் கொரோலியோவ் சிறைப்பட்டார். அடித்துத் துன்புறுத்திப் பொய்யான ஒப்புதலை அவரிடம் பெற்றனர். பத்தாண்டுச் சிறைத்தண்டனை விதிக்கப்பெற்றது. சைபீரியாவின் கீழ்க்கோடியில், உறைபனி மூடிய கோலிமாப் பகுதியின் தங்கச் சுரங்கம் ஒன்றிற்கு அவரை அனுப்பினர். உணவிற் காய்கனி இன்மையால் உண்டாகும் ஸ்கர்வி என்னும் நோய் அவரைப் பற்றியது. பற்கள் பல உதிர்ந்தன. அங்குச் சென்ற பலர் திரும்பியதில்லை. கொரோலியோவ் திரும்பியது, மாஸ்கோவில் அவருடைய அன்னையார் ஓயாது விண்ணப்பித்தமையாலும், வழக்கு மறுமுறை ஆராயப்பெற்றமையாலுமே ஆகும்.

1940-இல் மாஸ்கோவிற்குக் கொணரப்பெற்ற அவர், சிறைக்குள்ளேயே அமைந்த வடிவமைப்பு நிலையம் ஒன்றிற் பணி செய்தார். அந்நிலையத்தின் தலைவரும் கைதியே. அவர் யாரெனின், முன்னாளில் கொரோலியோவின் ஆசிரியராக விளங்கிய துப்பொலியேவ்! ஆசிரியரும் மாணவரும் கம்பிகளுக்குப் பின்னிருந்து போர் வானூர்தி அமைத்தனர். 1944-இல் கொரோலியோவ் விடுதலை பெற்றார். எனினும், அவர் குற்றமற்றவர் என்னும் முழுமையான தீர்ப்பு 1957-ஆம் ஆண்டு ஏப்பிரல் திங்களிலேதான் வந்தது. அத்திங்களில் அவர் எத்தகைய பணியில் ஈடுபட்டிருந்தார் என்பதை இனிக் காண்போம்.

இரண்டாம் உலகப்போர் முடிந்தபின், ஜெர்மானியர் செய்த வி-2 என்னும் ஏவுகணையை ஆராயுமாறு அவர் ஜெர்மனிக்கு அனுப்பப்பெற்றார். 1946-இல் நெடுந்தொலைவு ஏவுகணைகளின் தலைமை வடிவமைப்பாளரானார். எட்டாயிரம் கிலோமீட்டர் கடந்து செல்லும் ஆர்-7 என்னும் இராக்கெட்டை அமைக்குமாறு 1954-இல் அரசு ஆணையிட்டது. அணுகுண்டைச் சுமந்து அமெரிக்காவை எட்டுதலே அதன் நோக்கம். இதனை மறைத்தல் வரலாற்றுக்குப் பொருந்தாது. உலகம் போற்றும் அம்மேடை முதலிற் கட்டப்பெற்றது போருக்காகவேயாம். ஆயினும், குண்டைச் சுமக்கும் இராக்கெட்டு துணைக்கோளையும் மனிதரையும் சுமக்கக் கூடும் என்பதைக் கொரோலியோவ் ஒருபோதும் மறந்திலர்.

இத்துணைப் பெரிய இராக்கெட்டை எங்கிருந்து ஏவுவது? ஊர்கள் நெருங்கிய இடம் ஆகாது. கழன்று விழும் பகுதிகள் மக்கள்மீது விழும். மலைகள் சூழ்ந்த இடமும் ஆகாது. வழிகாட்டும் வானொலி நிலையங்கள் இராக்கெட்டைத் தடையின்றி நோக்குதல் வேண்டும். இருப்புப்பாதையும் நன்னீரும் அருகிலிருத்தல் வேண்டும். இவையனைத்தையும் ஆராய்ந்து, 1955-ஆம் ஆண்டு பிப்பிரவரித் திங்களில், கசகஸ்தானத்துத் தியூராத்தம் என்னும் சிறு தொடர்வண்டி நிலையத்தை அடுத்த வெளியைத் தேர்ந்தனர். சிர் தாரியா என்னும் ஆறு அருகிற் பாய்கின்றது. பைக்கனூர் என்னும் ஊரோ அங்கிருந்து பல நூறு கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. ஏவுதளத்தின் உண்மையான இருப்பிடத்தை மறைத்தற்பொருட்டு, அவ்வூரின் பெயர் பின்னாளில் இதற்கு வழங்கப்பெற்றது. தலைவரின் பெயரை மறைத்தவர்கள் இடத்தின் பெயரையும் மறைத்தனர்.

கோடையில் 40 பாகைக்கு மேல் வெயில் காயும். குளிர்காலத்தில் நீர் உறையும் நிலைக்கு 40 பாகை கீழே தட்பம் இறங்கும். மணற்காற்று ஓயாது வீசும். அத்தகைய வெளியில், கூடாரங்களிலும் தொடர்வண்டிப் பெட்டிகளிலும் தங்கிப் போர்வீரர் மண் அகழ்ந்தனர். மேடைக்காக அவர்கள் தோண்டிய பள்ளம் ஏறத்தாழ 250 மீட்டர் நீளமும், 100 மீட்டர் அகலமும், 45 மீட்டர் ஆழமும் உடையது. இராக்கெட்டு எழும்போது அதன் அடியிலிருந்து பீறிடும் தீயும் புகையும் தடைப்பட்டு மேலே திரும்புமாயின் இராக்கெட்டையே அழித்துவிடும். அவற்றை வாங்கி அப்பாற் செலுத்துவதே இப்பள்ளத்தின் வேலை. பள்ளத்தின் விளிம்பில், வீட்டு மாடத்தைப் போல வெளியே நீண்டிருக்குமாறு மேடை கட்டப்பெற்றது.

மேடையின் அமைப்பை வகுத்தவர் கொரோலியோவின் நண்பர் பார்மின். அவர் கண்ட வழி மிகப் புதியது. அதுகாறும் இராக்கெட்டுகள் தம் வாலின்மேல் நின்றன. ஆர்-7 இராக்கெட்டோ, நடுவில் ஒன்றும் சுற்றிலும் நான்குமாக ஐந்து பகுதிகள் கூடியது. எரிபொருள் நிரப்பிய நிலையில் அதன் எடை 270 டன்னுக்கு மேற்பட்டது. அதனை வாலின்மேல் நிறுத்தினால், சுமையையும் காற்றின் தள்ளுதலையும் தாங்குதற்கு அடிப்பகுதியை மிக வலிவாகச் செய்தல் வேண்டும். வலிவு கூடினால் எடையும் கூடும். எடை கூடினால் செல்லும் தொலைவு குறையும். ஆதலால், இராக்கெட்டை நிறுத்தாமல் இடுப்பளவிற் பற்றித் தொங்கவிடுவது என்று துணிந்தனர். நான்கு எஃகுக் கைகள் நான்கு புறத்திலும் சாய்ந்து அதன் இடையைத் தாங்கும். பொறிகள் முழங்கி இராக்கெட்டு சிறிது மேலெழுந்ததும் கைகளின்மேல் இருந்த சுமை நீங்கும். உடனே, அவற்றின் மறுபுறத்திற் கட்டிய எதிர்ச்சுமைகள் கீழே இறங்க, கைகள் நான்கும் தாமே பின்னோக்கி விரியும். கிணற்று ஏற்றத்தின் துலாவை இயக்கும் தத்துவமே ஈண்டும் இயங்குகின்றது. மலர் இதழ் விரிதலை ஒத்த இக்காட்சி கருதி, உருசியர் இம்மேடைக்குத் துலிப்பு மலரின் பெயரையிட்டு வழங்குவர்.

இராக்கெட்டு பெரியதொரு கொட்டகையிற் படுக்கை நிலையில் இணைக்கப்பெறும். விடியற்காலையில் தொடர்வண்டி அதனை மேடைக்கு மெல்லத் தள்ளிவரும். அங்கே நிமிர்த்தித் தொங்கவிட்டபின், பணியாளர் ஏறி நிற்கும் தட்டுகளையுடைய இரு பாதிக்கோபுரங்கள் எழுந்து அதனைச் சூழும். மண்ணெண்ணெயும் கடுங்குளிரூட்டிய திரவ ஆக்சிஜனும் இருப்புப்பாதை வழியாகவே வந்து சேரும். புறப்படும் நேரம் நெருங்கியதும் கோபுரங்கள் விலகும்.

1957-ஆம் ஆண்டு வேனிற்காலம் வந்தது. குற்றமற்றவர் என்னும் தீர்ப்புக் கிடைத்த மறுதிங்கள், மே 15-ஆம் நாள், கொரோலியோவ் முதல் ஆர்-7 இராக்கெட்டை ஏவினார். எரிபொருட் குழாயிற் கசிவு உண்டாகி, ஒரு பகுதியில் தீப்பற்றி, நூறு விநாடிக்குள் அது கெட்டது. சூன் திங்களில் மற்றொன்றைக் கொணர்ந்து, மும்முறை முயன்றனர். அது மேடையை விட்டு அசையவே இல்லை. ஆராய்ந்து பார்த்தபோது வால்வு ஒன்று தலைமாறிப் பொருத்தப்பட்டிருந்தமை தெரியவந்தது. சூலையில் ஏவிய மூன்றாவது, 33 விநாடியில் நிலைகுலைந்து சிதறியது. மாஸ்கோவில் முணுமுணுப்பு எழுந்தது. தவற்றின் விலை எத்தகையதென்பதைக் கோலிமாவிற் கண்டு வந்தவர்க்கு அந்நாட்கள் எவ்வாறு கழிந்திருக்கும் என்பதை நாம் எண்ணிப் பார்க்கலாம். எனினும் மேடைக்கு ஊறு நேரவில்லை. அடுத்த இராக்கெட்டைத் தாங்க அது அணியமாய் இருந்தது. ஆகஸ்டு 21-ஆம் நாள் ஏவிய இராக்கெட்டு ஆறாயிரம் கிலோமீட்டருக்கு மேல் பறந்து, கீழ்க்கோடியாகிய கம்சத்கா வரை சென்றது.

அதன் தலைப்பகுதி மட்டும் மீண்டும் காற்றுமண்டலத்தில் நுழைந்தபோது சிதைந்து போயிற்று. அதனைத் திருத்தச் சில திங்கள் வேண்டியிருந்தன. துணைக்கோளுக்கோ திரும்பிவரும் தலைப்பகுதி வேண்டியதில்லை. கொரோலியோவ் இவ்விடைக்காலத்தைத் தம் நெடுநாள் வேட்கைக்குப் பயன்படுத்திக்கொண்டார். அக்டோபர் 4-ஆம் நாள் இரவு, 58 சென்டிமீட்டர் விட்டமும் 83.6 கிலோகிராம் எடையும் உள்ள ஒளிவிடும் கோளம் ஒன்று அதே மேடையிலிருந்து புறப்பட்டது. ஸ்புட்னிக் என்னும் அதன் ஒலியை உலகெங்கும் வானொலிப் பெட்டிகளில் மக்கள் கேட்டனர். அதனை அனுப்பியவர் யாரென்பதை மட்டும் ஒருவரும் அறிந்திலர்.

ஏவுமேடை என்பது எத்துணை இடர் சூழ்ந்த இடம் என்பதற்கு அவ்வேவுதளத்திலேயே கொடிய சான்று உண்டு. 1960-ஆம் ஆண்டு அக்டோபர் 24-ஆம் நாள், யாங்கெல் என்னும் வேறொரு வடிவமைப்பாளரின் ஏவுகணை, தனி மேடை ஒன்றில் எரிபொருள் நிரம்பி நின்றது. பழுதைத் திருத்தும் பொருட்டுப் பணியாளர் பலர் அதனைச் சூழ்ந்திருந்தனர். காலம் தாழ்த்தலாகாது என்னும் அவசரத்தால் பாதுகாப்பு விதிகள் கைவிடப்பெற்றன. திடீரென இரண்டாம் அடுக்கின் பொறி எரியத் தொடங்கியது. எழுபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அவருள் படைத்தலைவர் நெடேலினும் ஒருவர். பல்லாண்டுகள் இச்செய்தியும் மறைக்கப்பட்டது. மூன்றாண்டு கழித்து, அதே அக்டோபர் 24-ஆம் நாள், ஏவுகணைக் குழி ஒன்றில் தீப்பற்றி மீண்டும் பலர் உயிரிழந்தனர். அதன் பின்னர் அந்நாளில் பைக்கனூரில் எதனையும் ஏவாமை வழக்கமாயிற்று.

நெடேலின் மாண்ட துயரம் நிகழ்ந்து ஆறு திங்கள் கூட நிரம்பாத நிலையில், மனிதரை அனுப்பும் பொறுப்பு கொரோலியோவின் தோளில் ஏறியது. 1961-ஆம் ஆண்டு ஏப்பிரல் 12-ஆம் நாள் காலை, யூரி ககாரின் என்னும் 27 வயது வானோடி, முதல் மேடையில் தொங்கிய வஸ்தோக் இராக்கெட்டின் உச்சியில் ஏறி அமர்ந்தார். கொரோலியோவ் மேடைக்கருகில் நிலத்தடி அறையிலிருந்து வானொலி வழியாக அவரோடு பேசினார். அவருக்கு அன்று வாய்த்த அழைப்புப் பெயர் விடியல் என்னும் பொருளுடையது. எஃகு இதழ்கள் விரிந்தன, இராக்கெட்டு எழுந்தது. 108 நிமிடத்தில் ககாரின் உலகைச் சுற்றி மீண்டார். மாஸ்கோவில் அவரை மக்கள் வெள்ளம் வரவேற்றது. அவ்வெள்ளத்தில் கொரோலியோவ் அடையாளம் தெரியாத ஒருவராகவே இருந்தார்.

மேடையின் திறன் மறு ஆண்டில் மேலும் விளங்கிற்று. 1962-ஆம் ஆண்டு ஆகஸ்டு 11-ஆம் நாள் வஸ்தோக்-3 ஏவப்பெற்றது. மறுநாளே வஸ்தோக்-4 அதே மேடையிலிருந்து சென்றது. தீக்குளித்த மேடையை ஒரே நாளிற் செப்பம் செய்து மற்றொரு மனிதரை அனுப்புதல் எளிய செயலன்று. விண்வெளி சென்ற முதற் பெண்மணி வாலந்தீனா தெரஷ்கோவா 1963-இலும், விண்கலத்தை விட்டு வெளிவந்து மிதந்த முதல் மனிதர் லியோனொவ் 1965-இலும் அம்மேடையிலிருந்தே புறப்பட்டனர்.

நிலவுக்கு மனிதரை அனுப்பும் முயற்சியில் ஈடுபட்டிருந்தபோது கொரோலியோவின் உடல் தளர்ந்தது. 1966-ஆம் ஆண்டு சனவரி 14-ஆம் நாள், மாஸ்கோ மருத்துவமனையில் அறுவை மருத்துவம் நடந்தபொழுது அவர் உயிர் நீத்தார். அப்போது அவருக்கு 59 வயதே நிரம்பியிருந்தது. இரண்டு நாள் கழித்து, அவர் பெயரும் படமும் நாளிதழில் வெளிவந்தன. ககாரினை அனுப்பியவர் இவரே என்பதை உருசிய மக்கள் அன்றுதான் அறிந்தனர். அவருடைய சாம்பல் கிரெம்ளின் மதிலில் வைக்கப்பெற்றது.

அவர் தொடங்கிய நிலவுப் பணி வெற்றி பெறவில்லை. அதற்கென அமைந்த என்-1 என்னும் இராக்கெட்டு 105 மீட்டர் உயரமுடையது. அதன் முதல் அடுக்கில் மட்டும் 30 பொறிகள் இருந்தன. அவ்வடுக்கு முழுவதையும் நிலத்திற் பிணித்துவைத்து எரித்துப் பார்க்கும் சோதனைத் தாங்கி கட்டப்பெறவில்லை. செலவையும் காலத்தையும் மிச்சப்படுத்தக் கருதி, கொரோலியோவின் காலத்திலேயே செய்த முடிவு அது. பெரியோர் செய்த பிழையையும் சொல்லத்தான் வேண்டும். 1969-ஆம் ஆண்டு சூலை 3-ஆம் நாள், இரண்டாவது என்-1 இராக்கெட்டு சிறிது எழுந்து, தன் மேடைமீதே திரும்ப வீழ்ந்து, அதனை அழித்தது. நான்கு முறை ஏவியும் ஒன்றேனும் வாய்க்கவில்லை. எனினும் அவ்விடம் வீணாகவில்லை. அம்மேடைகள் பின்னர் எனெர்கியா என்னும் இராக்கெட்டுக்காக மாற்றிக் கட்டப்பெற்றன. 1988-இல் ஆளில்லாத புரான் விண்ணூர்தி ஆங்கிருந்தே சென்று திரும்பியது.

ஆர்-7 இராக்கெட்டின் வழிவந்தவையோ தலைமுறை தலைமுறையாகத் தொடர்ந்தன. 1983-ஆம் ஆண்டு செப்டம்பர் 26-ஆம் நாள், ககாரின் சென்ற மேடையில் இராக்கெட்டு ஒன்று புறப்படுமுன் தீப்பற்றியது. உச்சியில் இருந்த தப்பிக்கும் கருவி, வீரர் இருவர் அமர்ந்த கலத்தைப் பிய்த்துக்கொண்டு பறந்தது. இருவரும் உயிர் பிழைத்தனர். மேடை எரிந்தது. அதனைச் செப்பனிடும் காலத்தில், 1961-இற் பயன்பாட்டுக்கு வந்த 31-ஆம் எண் மேடை அப்பணியை ஏற்றது. நம் நாட்டு வீரர் இராகேஷ் சர்மா 1984-ஆம் ஆண்டு ஏப்பிரல் 3-ஆம் நாள் விண்வெளிக்குச் சென்றது அந்த இரண்டாம் மேடையிலிருந்துதான். 1988-இல் இந்தியத் தொலையுணர்வுத் துணைக்கோளாகிய ஐ.ஆர்.எஸ்.-1ஏ ஏவப்பெற்றதும் பைக்கனூரிலிருந்தே.

முதல் மேடை 500-க்கும் மேற்பட்ட இராக்கெட்டுகளை ஏந்திய பின்னர், 2019-ஆம் ஆண்டு செப்டம்பர் 25-ஆம் நாள் தன் இறுதி இராக்கெட்டை அனுப்பி ஓய்வு பெற்றது. புதிய வகை இராக்கெட்டுக்கு ஏற்ப அதனைத் திருத்தியமைக்கப் பொருள் கிடைக்கவில்லை. அதன்பின் பைக்கனூரில் மனிதரை அனுப்பும் வேலை முழுவதும் 31-ஆம் மேடையின்மேல் விழுந்தது. 2025-ஆம் ஆண்டு நவம்பர் 27-ஆம் நாள் அம்மேடையிலிருந்து மூவர் நலமாகச் சென்றனர். ஆயின், இராக்கெட்டு எழுந்த வேகத்தில் மேடையின் அடியிலிருந்த பணித்தட்டு பள்ளத்துள் வீழ்ந்து நொறுங்கியது. அன்று உருசியரிடம் மனிதரை அனுப்பத்தக்க மேடை வேறொன்றும் இல்லை. இராக்கெட்டும் விண்கலமும் வீரரும் இருந்தும், மேடையின்மையால் ஒரு நாடு திகைத்து நின்றது.

முதல் மேடைக்கு வழங்கும் பெயர் ககாரின் மேடை என்பதாகும். கொரோலியோவின் பெயர், அவருடைய பணிமனை இருந்த மாஸ்கோவை அடுத்த நகருக்கு 1996-இல் இடப்பெற்றது. மேடையிலிருந்து சிறிது தொலைவில், மரங்களின் நிழலில், இரண்டு சிறு மரவீடுகள் அடுத்தடுத்து நிற்கின்றன. ஒன்றில் ககாரின் தம் பயணத்திற்கு முந்தைய இரவு உறங்கினார். மற்றொன்று, இராக்கெட்டு ஏவும் நாட்களில் கொரோலியோவ் தங்கியிருந்த வீடு.